மாற்றி எழுதிய நாலு வரி

அத்தியாயம் 17

கார்த்திகேசன் எந்த விஷயத்துக்காவது உடனே "சரிம்மா, உன் இஷ்டம்" என்று சொன்னால் சந்தேகப்பட வேண்டும். இந்தத் தொடரைப் பதினாறு வாரமாகப் படிக்கிறவர்களுக்கு இது தெரியும். கூடப் பிறந்த தங்கை பவானிக்கு முப்பத்தோரு வயதாகியும் தெரியவில்லை. என்ன செய்வது, அண்ணன் ஆயிற்றே.

இந்த வாரம்தான் புதிதாக வந்து உட்காருகிறவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பவானிக்கு ரங்கூனில், கியாக்டடா பகுதியில் ஒரு சின்ன அலுவலகத்தில் வேலை. இந்தியப் படங்களுக்குப் பர்மிய மொழியில் சப்டைட்டில் எழுதுகிறாள். மலையாளப் படம் வந்தால் நேராக அவள் மேஜைக்குத்தான் வரும். கோவிட் வருஷத்தில் வீட்டோடு அடைந்து கிடந்தபோது படம் பார்த்துப் பார்த்தே பிடித்துக்கொண்ட மலையாளம், பிறகு ஒரு வருஷம் இணையத்தில் திருச்சூர் டீச்சர் ஒருவரிடம் படித்துத் தேறியது.

பர்மாக்காரர்கள் அந்தப் படங்களை விழுந்து விழுந்து பார்க்கிறார்கள். அதில் வருகிறவர்கள் பறக்க மாட்டார்கள், ஒரே அடியில் பத்துப் பேரைச் சாய்க்க மாட்டார்கள். மழை வந்தால் கொடியிலிருக்கும் துணியை ஓடிப் போய் எடுப்பார்கள். தாலுகா ஆபீசில் கால் கடுக்க நிற்பார்கள். நம் மாடி வீட்டில் நடக்கிற சண்டை அவர்கள் ஓட்டு வீட்டில் நடக்கும், அவ்வளவுதான் வித்தியாசம்.

அதே ரங்கூனில் லான்மடா பகுதியில் இருக்கிற தமிழ்ச் சங்க மண்டபத்தில் மாதத்தின் முதல் ஞாயிறு பகலில் ஒரு படம் போடுவது வழக்கம். சங்கத்தின் செயலாளர் கார்த்திகேசன். இந்த மாதத்துக்கு பவானி எழுதிக் கொடுத்த மலையாளப் படம் ஒன்று என்று முடிவானது. போன வாரம் அதை முன்கூட்டியே போட்டுப் பார்த்த அண்ணன், கடைசிக் காட்சியின் வசனத்தை மாற்றி எழுதித் தா என்றான். "நம்ம கலாச்சாரத்துக்கு இது ஒத்து வராதும்மா." முடியாது என்றாள் தங்கை. அப்போதுதான் வந்தது அந்த "சரிம்மா."

பாக்கி இருப்பது புஷ்பா. கார்த்திகேசனின் மனைவி. கல்யாணத்துக்கு முன்பு ஆறு வருஷம் நகரத்துக்கு வெளியே ஷ்வேப்யிதாவில் தையல் ஃபேக்டரியில் வேலை பார்த்தவள். இரண்டு மாதத்துக்கு முன்பு அதே ஃபேக்டரியில் புதுப் பெண்களுக்குத் தையல் சொல்லிக் கொடுக்க ஆள் தேடினார்கள். புஷ்பா போய்ச் சட்டையொன்றைத் தைத்துக் காட்டிவிட்டு வந்தாள். ஃபாரத்தில் புருஷனுடைய ஃபோன் நம்பரை எழுதினாள். நம் வீடுகளில் பெண்களுக்கு விலாசம் அதுதானே. இரண்டு வாரத்தில் கூப்பிடுகிறோம் என்றார்கள். கூப்பிடவில்லை.

*

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணி. ஐந்தாவது மாடியில் அண்ணன் வீடு, பவானியும் இங்கேதான். கரண்ட் எந்த நேரமும் போகலாம் என்பதால் புஷ்பா ரைஸ் குக்கரை முதலில் போட்டுவிட்டு, கரியடுப்பில் குழம்பு வைத்துக்கொண்டிருந்தாள்.

"அண்ணி, இன்னிக்குப் படத்துக்கு நீங்க வந்தே ஆகணும்," என்றாள் பவானி.

"நான் வந்து என்ன பண்ண? பர்மா எழுத்து ஓடுற வேகத்துக்கு எனக்குப் படிக்க வராது." புஷ்பா பெகு பக்கத்துக் கிராமத்தில் பிறந்தவள். நாலாம் வகுப்போடு சரி.

"படிக்கவே வேணாம். காதால கேளுங்க. கொஞ்ச நேரத்துல பழகிடும், பாதி நம்ம தமிழ்தான்."

புஷ்பா குழம்பைக் கிளறிவிட்டுக் கூடத்துப் பக்கம் பார்த்தாள். கூடத்து மூலையில் தையல் மெஷின் இருந்தது. அதன் மேல் போர்வை, போர்வை மேல் பழைய பேப்பர் கட்டு. முன்பெல்லாம் அதன் சத்தம் கேட்காத நாள் கிடையாது.

"யாராவது வாங்குற ஆள் இருந்தா சொல்லு பவானி. இத வித்துடலாம்னு இருக்கேன்."

"எதுக்கு அண்ணி?"

"இடத்தத்தானே அடைச்சுக்கிட்டு இருக்கு. ஃபேக்டரில தைச்சுப் பாத்தவங்களே வேண்டாம்னுட்டாங்க. இன்னும் எதுக்கு?"

"வேண்டாம்னு யாரு சொன்னா?"

"கூப்பிடலைன்னா வேண்டாம்னுதானே அர்த்தம். நாப்பத்தோரு வயசு. கையும் மெதுவாப் போச்சு போல. நமக்கே தெரியாது, பாக்குறவங்களுக்குத் தெரியும்."

கண்ணாடி முன்னால் தலை சீவிக்கொண்டிருந்த கார்த்திகேசன் திரும்பினான். "நான்தான் அன்னிக்கே சொன்னேனே புஷ்பா. அவங்களுக்குச் சின்னப் பொண்ணுங்கதான் வேணும். அதுக்காக மனசு விட்டுடாத. உனக்கு இங்க என்ன குறை?"

எவ்வளவு கனிவாகச் சொன்னான் தெரியுமா? அவன் குடிக்க மாட்டான், கை நீட்ட மாட்டான், சம்பாதித்ததை வீட்டில் கொண்டு வந்து கொடுப்பான். லான்மடாவில் யாரைக் கேட்டாலும் தங்கமான மனுஷன் என்பார்கள். எனக்கு எரிச்சலே அங்கேதான்.

"நீங்களும் வாங்க அண்ணி," என்று பவானி மறுபடி சொன்னாள். "வீட்டுல உக்காந்து இதையே நினைச்சுக்கிட்டு இருக்காதீங்க."

புஷ்பா புடவை மாற்றப் போனாள்.

*

மண்டபத்தில் எண்பது பேருக்குக் குறையாது. ஆண்களும் இளசுகளும் நாற்காலியில், பெண்கள் முன்னால் பாயில். கரண்ட் போய்விட்டதால் ஜெனரேட்டர் ஓடிக்கொண்டிருந்தது. பின்னால் லேப்டாப்போடு முரளிதரன். லேப்டாப் ரிப்பேர் கடை வைத்திருப்பவன், மாதாமாதம் படத்தை ஓட்டுகிறவனும் அவன்தான்.

கதை இதுதான். கேரளத்தில் மலையோரத்தில் ஓர் ஊர். அங்கே ஊருக்கு ஊர் வாசகசாலை உண்டு, அதற்கு ஒரு தலைவர் உண்டு. இந்தப் படத்தில் தலைவர் ஒரு பள்ளிக்கூட மாஸ்டர். நல்லவர். ஞாயிற்றுக்கிழமை மீன் குழம்பு அவரே வைப்பார். மைக் கிடைத்தால் பெண் விடுதலையைப் பற்றி ஒரு மணி நேரம் பேசுவார். அவர் மனைவி அரசாங்க வேலைக்குப் பரீட்சை எழுதிவிட்டுத் தபால்காரனை எதிர்பார்க்கிறாள். ஒரு நாள், ஒரு மாதம், இரண்டு வருஷம். கடிதம் வரவில்லை. மாஸ்டர் தினமும் ஆறுதல் சொல்கிறார்.

படத்தில் யாரும் கத்தவில்லை. வில்லன் என்று ஒருவன் கிடையாது. அடுப்படியில் தேங்காய் துருவுகிற சத்தம்தான் பாதிப் படம். ஆனாலும் பாயிலிருந்த பெண்கள் ஒருவரும் பக்கத்திலிருப்பவரோடு பேசவில்லை. நம் மண்டபத்தில் இது நடக்கிற காரியமா?

கடைசிக் காட்சி. வாசகசாலையில் மனைவி புத்தகங்களை அடுக்கும்போது, யாரும் எடுத்துப் படிக்காத தடிப் புத்தகம் ஒன்றிலிருந்து ஒரு கவர் விழுகிறது. மேலே அவள் பெயர். அன்றைக்கு வாசகசாலையில் ஆண்டுவிழா. அவள் கவரை மறைத்துக்கொண்டு மேடைக்குப் பக்கத்தில் போய்ப் புருஷனிடம் கேட்கிறாள்: "என்டெ கத்து எவிடெ?" என் கடிதம் எங்கே என்று.

அவர் தலையைக் குனிந்துகொண்டு சொல்கிறார்: "ஞான் ஒளிப்பிச்சதா. நினக்கு வேண்டியா."

திரையின் அடியில் ஓடிய பர்மிய எழுத்தைப் பார்த்து பவானிக்குத் தூக்கிவாரிப் போட்டது. 'உனக்குக் கடிதம் எதுவும் வரவில்லை. கவலைப்படாதே, நான் இருக்கிறேன்' என்று ஓடியது. அவள் எழுதியது அது இல்லை. 'நான்தான் ஒளித்து வைத்தேன், உனக்காகத்தான்' என்று எழுதியிருந்தாள்.

படத்து மனைவி சொன்னாள்: "ரண்டு கொல்லம் ஞான் ஒன்னினும் கொள்ளாத்தவளாணென்னு விசுவசிப்பிச்சு."

ஒன்றுக்கும் கொள்ளாதவள் என்று இரண்டு வருஷம் என்னை நம்ப வைத்தீர்கள். இதற்குக் கீழே ஓடிய எழுத்து: 'உங்களைச் சந்தேகப்பட்டதற்கு மன்னித்துவிடுங்கள்.'

திருடியவன் வாயில் ஆறுதலும் பறிகொடுத்தவள் வாயில் மன்னிப்பும். அதுவும் பவானியின் பெயரைப் போட்டு.

ஆனால் கார்த்திகேசன் ஒரு கணக்கில் கோட்டை விட்டுவிட்டான். சின்ன வயதிலிருந்து பர்மியப் பள்ளிக்கூடத்தில் படித்தவன் அவன். எந்தப் படமானாலும் அடியில் ஓடும் எழுத்தைத்தான் படிப்பான், காதைக் கொடுத்துக் கேட்கிற பழக்கமே கிடையாது. எல்லோரும் தன்னைப் போலத்தான் என்று நினைத்துவிட்டான். பாயில் இருந்த பெண்களில் பாதிப் பேர் எழுத்துப் பக்கமே பார்க்கவில்லை. ஒன்றரை மணி நேரமாக மலையாளத்தைக் காதால் கேட்டுப் பழகிப் போயிருந்தார்கள்.

நாற்காலியில் இருந்தவர்கள் அமைதியாக இருந்தார்கள். பாயில் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

"அத்தை, எதுக்கு அழறீங்க?" என்று பாயிலிருந்த ராணியம்மாவை அவள் மருமகள் பின்னால் நாற்காலியிலிருந்து குனிந்து கேட்டாள். "அவர் ஆறுதல்தானே சொல்றாரு?"

"ஆறுதலா? நான்தான் ஒளிச்சேன்னு வாய விட்டுச் சொல்றான்டி. உனக்குக் காது கேக்கலையா?"

"எழுத்துல அப்படிப் போடலையே அத்தை."

புஷ்பா இவர்கள் இருவருக்கும் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தாள். அவள் அழவில்லை. திரையையும் பார்க்கவில்லை, ராணியம்மாவின் மருமகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

*

பவானி எழுந்து பின்னால் போனாள்.

"கோ முரளி, என்ன பண்ணி வச்சிருக்கீங்க?" என்றாள். பர்மிய வழக்கில் அண்ணன் என்பதற்கு 'கோ'.

முரளிதரன் லேப்டாப்பை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "என்னைக் கேக்காத தங்கச்சி. செயலாளர் சொன்னாரு, செஞ்சேன். வரி எழுதிக் கொடுத்தது அவர். மாத்திப் போட்டது மட்டும்தான் நான்."

"என் பேரு போட்டிருக்கு அதுல. என்னை ஒரு வார்த்தை கேக்கத் தோணலையா?"

"நீ ஒத்துக்கிட்டன்னு சொன்னாரே. உங்களுக்குள்ள பேசியாச்சுன்னாரு."

"எத்தனை இடத்துல மாத்தினீங்க?"

"நாலே நாலு வரிதான். ஆயிரத்து முந்நூறு வரில நாலு. அதுக்குப் போயி இப்படிக் கோவப்படுறியே."

"காட்டுங்க."

காட்டினான். நாலும் இந்தக் கடைசிக் காட்சியில்தான். பவானி முந்தைய காட்சிகளின் வரிகளையும் நகர்த்திப் பார்த்தாள். கதாநாயகியின் சிநேகிதி சிகரெட் பிடித்துக்கொண்டு, புருஷனைத் துரத்திவிட்ட கதையைச் சிரிக்கச் சிரிக்கச் சொல்லும் இடம் அப்படியே இருந்தது. ஆண்கள் கள்ளுக்கடையில் பேசும் கெட்ட வார்த்தையும் பத்திரமாக இருந்தது. கலாச்சாரம் கலாச்சாரம் என்று போன வாரம் அண்ணன் அடித்துக்கொண்டானே, அந்தக் கலாச்சாரத்துக்கு இதெல்லாம் ஆகுமாம். கடிதத்தை ஒளித்தேன் என்று ஒருவன் ஒப்புக்கொள்வது மட்டும் ஆகாதாம்.

ஏன் இந்த நாலு?

அண்ணன் தன்னை அவமானப்படுத்திவிட்டான் என்றுதான் அவள் கொதித்துக்கொண்டு வந்தாள். இப்போது வேறு ஏதோ ஒன்று இருப்பது போலத் தோன்றியது. என்னவென்று பிடிபடவில்லை.

படம் முடிந்து கைதட்டல் எழுந்தது. கார்த்திகேசன் மேடை ஏறினான். படம் முடிந்ததும் செயலாளர் கருத்துரை சொல்வது சங்கத்து வழக்கம். இல்லாவிட்டால் நமக்குப் படம் புரியாதல்லவா?

"அன்பார்ந்த பெரியோர்களே, தாய்மார்களே. குடும்பம்னா என்னன்னு இந்தப் படம் காட்டுது. ஒரு சின்னச் சந்தேகம் வருது. கணவன் பொறுமையாச் சொல்றாரு. மனைவி புரிஞ்சுக்கிட்டு மன்னிப்புக் கேக்குறாங்க. இந்தப் புரிதல்தான் நம்ம..."

"அவ எங்க மன்னிப்புக் கேட்டா?" என்றது பாயிலிருந்து ராணியம்மாவின் குரல். யாரோ உஷ் என்றார்கள்.

புஷ்பா திரும்பி, சுவரோரம் நின்ற பவானியைக் கையசைத்துக் கூப்பிட்டாள். பவானி வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"எழுத்துல என்ன போட்டுது பவானி? நான் கேட்டது ஒண்ணு, இந்தப் பொண்ணு படிச்சது ஒண்ணா இருக்கே."

"நான் எழுதினத மாத்திட்டாங்க அண்ணி."

"யாரு?"

பவானி மேடையைப் பார்த்தாள். அது போதும்.

"எத்தனை இடத்துல?"

"நாலு. நாலும் அந்தக் கத்து பத்தின பேச்சுதான். வேற எதையும் தொடலை."

புஷ்பா மேடையில் பேசிக்கொண்டிருந்த புருஷனைப் பார்த்தாள். பிறகு மெல்லச் சொன்னாள்: "அவருக்கு எதுக்கு பவானி அந்தக் கத்து மேல இவ்வளவு பயம்?"

அந்த நிமிஷம்தான் பவானிக்கு விளங்கியது. ஃபாரத்தில் எழுதிய நம்பர். இரண்டு வாரத்தில் கூப்பிடுகிறோம் என்ற ஃபேக்டரி. காலையில் கண்ணாடி முன்னால் நின்று சொன்ன அந்தக் கனிவான ஆறுதல். அவள் அண்ணியின் கையைப் பிடிப்பதற்குள் புஷ்பா எழுந்துவிட்டாள்.

புஷ்பா சபையில் பேசி யாரும் பார்த்ததில்லை. செயலாளர் மனைவி என்றால் டீ ஊற்றுவாள், எல்லோரும் போன பிறகு பாயைச் சுருட்டுவாள். அவள் நேராக மேடைக்கு முன்னால் போய் நின்றதும் கார்த்திகேசன் பேச்சை நிறுத்தினான்.

"என்ன புஷ்பா, டீ ரெடியா?"

"ஏங்க, ஃபேக்டரிலேருந்து எனக்கு ஃபோன் வந்துதா?"

"எந்த ஃபேக்டரி?" என்றான். பிறகு சிரிக்கப் பார்த்தான். "வீட்டுல போயிப் பேசிக்கலாம்."

"பேச வேணாம். இல்லன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. நான் போயி டீ ஊத்துறேன்."

ஐம்பது கூட்டத்தில் பேசியவன், டவுன்ஷிப் ஆபீஸ் மனுவை மனப்பாடமாக ஒப்பிக்கிறவன், 'இல்லை' என்ற ஒரு வார்த்தைக்கு வாய் வராமல் நின்றான். நாற்காலிகளில் இருந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"உனக்காகத்தான் புஷ்பா," என்றான் கடைசியில். மைக் கையிலேயே இருந்ததால் மண்டபம் முழுக்கக் கேட்டது. "செயலாளர் பொண்டாட்டி விடியக் காலையில வேலைக்காரங்கள ஏத்திக்கிட்டுப் போற ஃபெரி பஸ்ஸுல ஃபேக்டரிக்குப் போறான்னா நாலு பேர் என்ன பேசுவாங்க? உன் உடம்புதான் தாங்குமா? நான் யோசிக்காம செய்வேனா?"

"அடப்பாவி," என்றாள் ராணியம்மா. இந்தத் தடவை யாரும் உஷ் சொல்லவில்லை.

பவானியால் பொறுக்க முடியவில்லை. "ரெண்டு மாசமா அவங்க அழுதது உங்களுக்குத் தெரியாதா அண்ணே? கை மெதுவாப் போச்சு போலன்னு இன்னிக்குக் காலையில கூடச் சொன்னாங்களே. பக்கத்துல நின்னு கேட்டுக்கிட்டுத்தானே இருந்தீங்க? ஆறுதல் வேற சொன்னீங்க."

"நீ சும்மா இரு. மலையாளப் படத்த இங்க கொண்டு வந்து குடும்பத்தக் கெடுத்ததே நீதான்."

"படம் கேரளாவுல எடுத்தாங்க. அவங்க ஊர்ல நடக்குறத அவங்க தைரியமாக் காட்டுறாங்க. அதுல உங்களப் பாத்தது நீங்க. நானா உங்களப் புடிச்சு உள்ள வச்சேன்? நாலு வரிய மாத்தாம விட்டிருந்தா அண்ணி சும்மா படம் பாத்துட்டு வீட்டுக்குப் போயிருப்பாங்க."

கார்த்திகேசன் மைக்கைக் கீழே இறக்கினான்.

புஷ்பா கையை உயர்த்தி பவானியை நிறுத்தினாள். குரல் கொஞ்சம்கூட உயரவில்லை.

"எத்தனை தடவை கூப்பிட்டாங்க?"

"அதெல்லாம் இப்போ எதுக்கு?"

"எத்தனை தடவைங்க?"

"மூணு."

"மூணு தடவையா?"

புஷ்பாவின் முகத்தில் அப்போது வந்தது என்னவென்று பவானிக்கு முதலில் புரியவில்லை. சிரிப்புத்தான். கண்ணில் தண்ணீர் கொட்ட, அதைத் துடைக்கக்கூடச் செய்யாமல் திரும்பிப் பார்த்துச் சிரித்தாள்.

"கேட்டியா பவானி. என் தையலப் பாத்துட்டு மூணு தடவை கூப்பிட்டிருக்காங்க. ஒரு தடவை எடுக்கலைன்னா விட்டுடுவாங்க. மூணு தடவை என்னைத் தேடியிருக்காங்க."

பாயிலிருந்த ஒருத்தி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். பின்னால் முரளிதரன் லேப்டாப்பை மூடினான்.

புஷ்பா மறுபடி மேடைப் பக்கம் திரும்பியபோது சிரிப்புப் போயிருந்தது. "கடைசித் தடவை என்ன சொன்னீங்க?"

"ஊரோட போயிட்ட, ரங்கூனுக்கு இனி திரும்ப மாட்டன்னு."

அவள் தலையாட்டினாள். திட்டவில்லை. திட்டியிருந்தால் அவனுக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

"சரி. அந்த இடத்துக்கு இதுக்குள்ள ஆள் எடுத்திருக்கலாம். எடுக்காமயும் இருக்கலாம். அது என் தலையெழுத்து, நான் பாத்துக்கிறேன். நாளைக்குக் காலையில ஃபெரி அஞ்சரைக்கு. நானே போயி வாசல்ல நின்னு, ஊருக்குப் போகலை, இங்கதான் இருக்கேன்னு சொல்லப் போறேன்."

"புஷ்பா, எல்லாரும் பாக்குறாங்க."

"பாக்கட்டும்ங்க," என்றாள் புஷ்பா. "நாளைக்கு உங்க நம்பர்ல யாராவது என்னைக் கேட்டா, வேலைக்குப் போயிருக்கான்னு சொல்லுங்க."